ஆக்கிரமிப்பு வழக்கில் அவமதிப்பு மனு ஏன் தோற்கிறது?

கண்மாய்க்குள் கட்டடம், வண்டிப்பாதையில் வேலி. உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசு அதிகாரிக்கு ஆணையிடக் கோரும் மனு) போட்டு உத்தரவும் வாங்கியாயிற்று, ஆனால் தாசில்தார் அசையவில்லை. உடனே 'கன்டெம்ப்ட் போட்டுவிடலாம்' என்பார்கள், அதாவது உத்தரவை மீறியதற்கான நீதிமன்ற அவமதிப்பு மனு. போடுவதற்கு முன் உத்தரவின் கடைசிப் பத்தியை நிதானமாகப் படியுங்கள்.

பெரும்பாலும் அதில் 'அகற்று' என்று இருக்காது. 'மனுவைப் பரிசீலித்து, சம்பந்தப்பட்டவர்களுக்கு வாய்ப்பளித்து, 12 வாரத்துக்குள் சட்டப்படி முடிவெடுக்கவும்' என்றுதான் இருக்கும். 'ஆக்கிரமிப்பு ஏதுமில்லை' என்று தாசில்தார் ஒரு பக்கம் எழுதிக் கொடுத்துவிட்டால், இந்த உத்தரவு நிறைவேறிவிட்டது. அந்த முடிவு தவறு என்றால் அதை எதிர்த்து வேறு ரிட் போட வேண்டும். ஜே.எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996இல் வகுத்த நிலை இது. மூல உத்தரவில் இல்லாத எதையும் அவமதிப்பு மனுவில் வாங்க முடியாது.

ஆகவே உழைப்பை ரிட் மனுவிலேயே போடுங்கள். புல எண், உட்பிரிவு, பரப்பு, அ-பதிவேட்டில் (கிராம நிலப் பதிவேடு) உள்ள வகைப்பாடு, புலப்பட (நில அளவை வரைபடம்) நகல் எல்லாம் அதில் வேண்டும். கோரிக்கையையும் பிரித்துக் கேளுங்கள்: சர்வேயர் அளக்க வேண்டும், 1905ஆம் ஆண்டு தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 7ஆம் பிரிவில் நோட்டீஸ் தர வேண்டும், 6ஆம் பிரிவில் அகற்ற வேண்டும், ஒவ்வொன்றுக்கும் கெடு வேண்டும். நீர்வளத் துறை (முன்பு பொதுப்பணித் துறை) ஏரி என்றால் 2007ஆம் ஆண்டு ஏரிகள் பாதுகாப்பு, ஆக்கிரமிப்பு அகற்றல் சட்டம் தனியாக இருக்கிறது.

அடுத்தது தேதிக் கணக்கு. கெடு பெரும்பாலும் உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து ஓடும். நகலைப் பதிவு வசதியுடன் விரைவுத் தபாலில் அனுப்பி, சேர்ந்ததற்கான சான்றைப் பத்திரப்படுத்துங்கள். 2025 ஜனவரி 10இல் நகல் சேர்ந்தால் 12 வாரம் ஏப்ரல் 4இல் முடியும். அங்கிருந்து ஓராண்டுக்குள் மனு தாக்கலாக வேண்டும் என்கிறது 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு. நினைவூட்டல் கடிதங்கள் எழுதிக்கொண்டே அந்த ஆண்டைக் கோட்டைவிடுபவர்கள் ஏராளம். கடிதம் எழுதுவதால் கெடு நீளாது.

அவமதிப்பு தனிநபர் மீதான குற்றச்சாட்டு. பதவிப் பெயர் மட்டும் போதாது, அதிகாரியின் பெயர் வேண்டும். இடையில் மாறுதல் ஆகியிருந்தால் புதியவருக்கும் நகல் அனுப்புங்கள், இல்லாவிட்டால் 'எனக்குத் தெரியாது' என்பார். வேண்டுமென்றே மீறினார் என்பதை நீங்கள்தான் காட்ட வேண்டும். மேல்முறையீடு தாக்கலாகியிருப்பது மட்டும் அவருக்குக் கேடயமல்ல, தடையாணை இருக்க வேண்டும். இப்படி உத்தரவை மீறும் உரிமையியல் அவமதிப்புக்கு அட்வகேட் ஜெனரல் (மாநில அரசின் தலைமை வழக்கறிஞர்) சம்மதம் தேவையில்லை. தண்டனை 6 மாதம் வரை வெறுங்காவல் (கடின உழைப்பில்லாத சிறை) அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். நடைமுறையில் நேரில் வரச் சொல்லும் உத்தரவுக்கே ஜேசிபி கிளம்பிவிடும்.

பிறகு 'அகற்றிவிட்டோம்' என்று புகைப்படத்தோடு அறிக்கை வரும். கூரையை மட்டும் பிரித்து, அஸ்திவாரத்தை விட்டுவைத்திருப்பார்கள். சர்வேயர் அளவீட்டுக் குறிப்பு இல்லாத அறிக்கையை ஏற்காமல், ஆட்சேபனையை எழுத்தில் கொடுங்கள். மனுவை முடித்துவைக்கும் நாளில், மீண்டும் ஆக்கிரமித்தால் இதே வழக்கில் அணுகும் உரிமையை உத்தரவில் பதியச் சொல்லிக் கேளுங்கள்.