காக்கித் தேர்தல் இல்லை, போர்காட்டித் தேர்தல்

தொலைக்காட்சி விவாதத்தில் மறுபடியும் ‘காக்கித் தேர்தல்’ என்றார்கள். ஆளுங்கட்சி போரைக் காட்டி ஓட்டுக் கேட்கும் தேர்தலுக்கு ஆங்கிலத்தில் ‘khaki election’ என்று பெயர், அதன் நேர் மொழிபெயர்ப்பு இது. நேரு வீதி டீக்கடையில் பக்கத்தில் நின்ற தம்பி கேட்டார்: “போலீஸ் பந்தோபஸ்துல நடக்குற எலெக்‌ஷனாண்ணே?” அவர் மேல் தப்பே இல்லை. புதுச்சேரியில் காக்கி என்றால் சிவப்புத் தொப்பிப் போலீஸ்காரர்தான். படைவீரரைச் சொல்ல எங்களுக்குப் பிரெஞ்சிலிருந்து வந்த ‘சொல்தா’ இருக்கிறது.

‘காக்’ பாரசீகத்தில் புழுதி, மண். காக்கி அந்த நிறம். தென்னாப்பிரிக்காவில் போயர்களோடு (அங்கே குடியேறிய டச்சு வழியினர்) சண்டையிட்ட பிரிட்டிஷ் சிப்பாய்களின் உடை நிறமும் அதுதான். 1900இல் வெற்றிச் செய்திகளின் சூடு ஆறுமுன் பிரிட்டிஷ் பிரதமர் சால்ஸ்பரியின் அரசு தேர்தல் வைத்து ஜெயித்தது. உடையின் பெயர் தேர்தலுக்கு ஒட்டிக்கொண்டது. போரோ 1902 வரை இழுத்தது.

சரி, ‘போர்க்காலத் தேர்தல்’ என்கிறார்களே, அது? காக்கியைவிட மோசம். காக்கி புரியாது, அவ்வளவுதான். இது தப்பாகப் புரியும். 1918இல் முதல் உலகப் போர் நின்றது நவம்பர் 11, வாக்குப்பதிவு டிசம்பர் 14. அதற்கும் பிரிட்டனில் இதே காக்கிப் பெயர்தான். 1945 ஜூலையில் ஜப்பானோடு போர் நடந்துகொண்டிருக்கும்போதே பிரிட்டன் வாக்களித்தது. சர்ச்சில் தோற்றார். அதைத்தான் போர்க்காலத் தேர்தல் எனலாம், ஆனால் நாம் பேசும் வகை அது இல்லை. காலம் இங்கே பொருட்டே இல்லை. ஆளுங்கட்சி போரைத் தூக்கிக் காட்டி ஓட்டுக் கேட்பதுதான் பொருள். போர்க்காலம் என்றால் மழைக்காலம், பனிக்காலம் மாதிரி தானாக வந்து போவதுபோல் ஒலிக்கிறது. காட்டியது யார் என்பதே சொல்லில் இல்லை. அகராதியில் முதலில் கண்ட சொல்லை எடுத்து வைத்துவிட்டுப் போகும் மொழிபெயர்ப்பாளர்களிடம் எனக்குள்ள தீராத மனக்குறை இது.

கடலூர்த் தமிழாசிரியர் நண்பர் ‘தும்பைத் தேர்தல்’ என்றார். போருக்குப் போகிறவர் சூடும் பூ. உடைக்குப் பூ, பொருத்தம் அழகுதான். ஆனால் புறத்திணை படிக்காதவருக்குத் தனியாக உரை எழுத வேண்டும். ‘போர்முரசு’ என்று நானே யோசித்தேன். முரசு ஏற்கெனவே தேமுதிக சின்னம்.

அப்புறம் வந்ததுதான் ‘போர்காட்டித் தேர்தல்’. வழிகாட்டி, நாள்காட்டி போல அமைந்த சொல், யாருக்கும் புரியும்.

தம்பிக்கு உடனே புரிந்தது. “அப்போ 1999?” என்றார். வாஜ்பாய் ஆட்சி கவிழ்ந்தது ஏப்ரலில், கார்கில் சண்டை தொடங்கியது மே மாதம். தேர்தலைப் போர் கொண்டுவரவில்லை, ஆனால் ஓட்டுக் கேட்டபோது கார்கிலைக் காட்டினார்கள் என்றேன்.