செவ்வாய் கிரகத்தில் மார்கழிக்கு 46 நாள்

இன்னும் ஒரு மனிதர்கூடக் கால் வைக்காத கிரகத்துக்கு முழு நாட்காட்டி ஒன்று தயாராக இருக்கிறது. டேரியன் நாட்காட்டி என்று பெயர், 1985இல் தாமஸ் கங்காலே என்ற அமெரிக்கர் உருவாக்கியது. செவ்வாயின் வருடத்தை 24 மாதமாகப் பிரித்து, ஒவ்வொரு ராசிக்கும் லத்தீன் பெயரில் ஒரு மாதம், சம்ஸ்கிருதப் பெயரில் ஒரு மாதம் வைத்திருக்கிறார். சாஜிட்டேரியஸ் முடிந்தால் தனுஷ், அப்புறம் கேப்ரிகார்னஸ், மகரா, அக்வேரியஸ், கும்பா என்று போகும். ராசிபலன் பார்க்கிற வீட்டில் வளர்ந்த யாருக்கும் பாதிப் பெயர்கள் ஏற்கெனவே தெரியும்.

ஒரு புது உலகத்துக்குக் காலக்கணக்கு எழுத உட்கார்ந்தால் முதலில் இடிப்பது நாள்தான். செவ்வாய் ஒரு பகலும் ஓர் இரவும் முடிக்க 24 மணி 39 நிமிடம் 35 விநாடி ஆகிறது, இதை சோல் என்கிறார்கள். கூடுதலான அந்த 39 நிமிடத்தை எங்கே வைப்பது? நாசாவில் செய்தது எளிமையான வழி, சோலையும் 24 மணியாகவே பிரித்து ஒவ்வொரு விநாடியையும் கிட்டத்தட்ட 2.75 சதவீதம் நீட்டிவிட்டார்கள். 2004 ஜனவரியில் ஸ்பிரிட், ஆப்பர்ச்சூனிட்டி ஊர்திகள் இறங்கியபோது அவற்றை இயக்கியவர்கள் இந்த நேரத்தில்தான் வேலைக்கு வந்தார்கள். இன்று காலை 8 மணிக்கு ஷிப்ட் என்றால் நாளை 8:40க்கு, மறுநாள் 9:20க்கு, இப்படியே தள்ளிப்போய் ஐந்து வாரத்தில் ஒரு முழுச் சுற்று. கலிபோர்னியாவின் மான்ட்ரோஸில் கடை வைத்திருந்த காரோ அன்செர்லியன் என்ற கடிகாரக்காரர், சாதாரண மெக்கானிக்கல் கைக்கடிகாரத்துக்குள் துளியூண்டு ஈய எடை சேர்த்து, அது நாளுக்குச் சரியாக 39 நிமிடம் மெதுவாக ஓடும்படி செய்து கொடுத்தார். மெதுவாக ஓடும் கடிகாரத்தைச் சரிசெய்வதுதானே அவர் தொழில், அதையே தலைகீழாகச் செய்திருக்கிறார் என்பது எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம்.

அடுத்து மாதம். நமக்குத் திங்கள் என்றால் நிலாவும்தான், மாதமும்தான், ஆனால் செவ்வாயில் அந்த வழி அடைபட்டிருக்கிறது. ஃபோபோஸ் என்ற நிலா 7 மணி 39 நிமிடத்தில் ஒரு சுற்று முடித்துவிடுகிறது, கிரகம் சுழல்வதைவிட வேகம் என்பதால் மேற்கே உதித்துக் கிழக்கே மறையும். இன்னொரு நிலாவான டைமோஸுக்கு 30 மணி போதும். இவற்றை வைத்து மாதம் கணக்கிட முடியாது, ஆகவே மாதத்தை நாமாகத்தான் வெட்ட வேண்டும்.

கங்காலே 28 சோலாக வெட்டினார், அதாவது நான்கு வாரம். ஒவ்வொரு ஆறாவது மாதத்துக்கும் மட்டும் 27, கடைசி வாரத்தில் ஒரு கிழமை விடுபட்டுப் போகும். அதனால் எல்லா மாதமும் ஒரே கிழமையில் தொடங்கும், சுவரில் ஒரு தாள் மாட்டினால் ஆயுசுக்கும் போதும். கூட்டினால் 668 வரும். ஆனால் செவ்வாய் சூரியனைச் சுற்ற ஆவது ஏறக்குறைய 668.6 சோல். அந்த 0.6ஐச் சமாளிக்க ஒற்றைப்படை ஆண்டுகளும் பத்தால் வகுபடும் ஆண்டுகளும் லீப் ஆண்டுகள், பத்து வருடத்துக்கு ஆறு லீப். நமக்கு நாலு வருடத்துக்கு ஒருமுறை வருவது அங்கே பாதிக்கு மேல் வந்துவிடுகிறது.

கணக்கு அழகுதான். ஆனாலும் இது வானத்தைப் பார்க்காத அழகு என்றே எனக்குப் படுகிறது, ஏனென்றால் செவ்வாயின் பாதை நன்றாக நீண்ட நீள்வட்டம். சூரியனிலிருந்து தூரம் 20.7 கோடி கிலோமீட்டரிலிருந்து 24.9 கோடி வரை மாறுகிறது, கிட்டே வரும்போது கிரகம் வேகமாக ஓடும், எட்டப் போனால் நிதானமாக நகரும்.

இங்கேதான் நம் வீட்டுத் தினசரிக் காலண்டரை ஒருமுறை கவனிக்க வேண்டும். ஆனி மாதத் தாள்களைக் கிழித்துக்கொண்டே போனால் சில வருடம் 32 வரை வரும், மார்கழியோ 29லோ 30லோ முடிந்து தை பிறந்துவிடும். யாரோ ஏனோதானோ என்று பிரித்ததல்ல இது. தமிழ் மாதம் என்பது சூரியன் ஒரு ராசியை, அதாவது 30 பாகையைக் கடக்க உண்மையில் ஆகும் காலம். ஜனவரி தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு மிக அருகில் இருக்கிறது, வேகமும் அப்போது அதிகம், அதனால் மார்கழி சீக்கிரம் முடிகிறது. ஜூலை தொடக்கத்தில் மிகத் தொலைவு, ஆகவே ஆனி நீள்கிறது.

செவ்வாயின் வானிலையை ஆராய்பவர்களும் இதே வேலையைத்தான் செய்கிறார்கள். அங்கே வட அரைக்கோளத்தில் வசந்தம் தொடங்கும் சம இரவுபகல் நாளைப் பூஜ்யமாக வைத்து, 30 பாகைக்கு ஒரு மாதம் என 12 மாதம். (நம் பஞ்சாங்கம் நட்சத்திரங்களை வைத்து ராசியைத் தொடங்குகிறது, தொடக்கப்புள்ளி வேறு, வெட்டும் முறை ஒன்றே.) இப்படி வெட்டினால் மூன்றாவது மாதம் 66.7 சோல், ஒன்பதாவது மாதம் 46.1 சோல். நம் வரிசையில் மூன்றாவது ஆனி, ஒன்பதாவது மார்கழி! இரண்டு கிரகத்திலும் அதே மாதங்கள் நீண்டும் குறுகியும் அமைந்தது தற்செயல்தான், இருந்தாலும் முதலில் அந்த அட்டவணையைப் பார்த்தபோது இரண்டு மூன்று முறை எண்ணிப் பார்த்தேன்.

இந்த முறையில் மாதத்தின் பெயரைச் சொன்னாலே பருவம் தெரிந்துவிடும். செவ்வாயில் ஏழாவது மாதத்திலிருந்து வருடக் கடைசி வரை புழுதிப்புயல் காலம், நமக்கு ஐப்பசியில் அடைமழை தொடங்குவது போல. ஆப்பர்ச்சூனிட்டியிடமிருந்து கடைசி சமிக்ஞை வந்தது 2018 ஜூன் 10 அன்று, பிறகு கிரகம் முழுவதையும் மூடிவிட்ட புழுதிப்புயலுக்கு நடுவே. செவ்வாயில் அது ஏழாவது மாதம்.