ப என்பது பேனா இல்லை

இந்த முறை விடைத்தாள்களைத் திருத்தி முடித்ததும் இதை எழுதியே தீருவது என்று உட்கார்ந்துவிட்டேன். கடைக்குப் போய்ப் பொருள் வாங்குகிற கணக்கைப் படித்து அசமன்பாடுகளாக, அதாவது ≤, ≥ குறி போட்ட வரிகளாக எழுத வேண்டும், அவ்வளவுதான். வரைபடம் போடுவது, தீர்வுப் பகுதியை நிழலிடுவது எல்லாம் பிள்ளைகளுக்குத் தண்ணீர் பட்ட பாடு. சறுக்குவது அதற்கு முன்னால், முதல் வரியிலேயே.

கணக்கு இதுதான். பேனா ஒன்று 20, நோட்டு ஒன்று 50, கையில் இருப்பது 600. இரண்டும் சேர்த்துக் குறைந்தது 15 வாங்க வேண்டும். பேனாக்கள் நோட்டுகளைப் போல் இருமடங்காவது இருக்க வேண்டும்.

படித்த உடனே ‘ப = பேனா, ந = நோட்டு’ என்று எழுதிவிடுகிறார்கள். எனக்கு ஆகவே ஆகாத வரி இது. ப என்பது பேனா இல்லை, வாங்கப்போகும் பேனாக்களின் எண்ணிக்கை. “சுருக்கமா எழுதினா என்ன சார், அர்த்தம் புரியுதுல்ல” என்று பெற்றோரே கேட்கிறார்கள். புரியவில்லை என்பதுதான் பிரச்சினை. ப பேனாவாகிவிட்டால் 20ப என்பதை ‘இருபது பேனா’ என்று படிக்கத் தோன்றும், அது 20 விலையில் ப பேனாக்கள் வாங்கும் செலவு என்பது மறந்துபோகும். அப்புறம் ப + ந ≤ 600 என்று எண்ணிக்கையையும் பணத்தையும் ஒரே வரியில் கட்டிப்போடுவார்கள்.

இருமடங்கு நிபந்தனைதான் இதில் மோசம். ‘ரெண்டு பேனாவுக்கு ஒரு நோட்டு’ என்று மனதுக்குள் அப்படியே படித்து, 2ப ≥ ந என்று எழுதுகிறார்கள். இதன்படி 7 பேனாவும் 9 நோட்டும் வாங்கிப் பாருங்கள். 14, 9-ஐவிடப் பெரிது, மொத்தம் 16, செலவு 590, எல்லாமே சரியாக வருகிறது. ஆனால் பேனா நோட்டைவிடக் குறைச்சல்! எழுத வேண்டியது ப ≥ 2ந. சின்னப் பிள்ளைகள் மட்டும் தடுக்கி விழுகிற இடமும் இல்லை இது. அமெரிக்காவில் முதலாண்டுப் பொறியியல் மாணவர்களிடம், பேராசிரியர்களைப் போல் ஆறு மடங்கு மாணவர்கள் இருக்கிறார்கள், சமன்பாடு எழுது என்று கேட்டார்கள். 37 சதவீதம் பேர் தவறாக எழுதியதாக 1981-இல் வெளியான ஆய்வு சொல்கிறது, அதில் பெரும்பாலும் இதே தலைகீழ்ப் பிழைதான்.

தயவுசெய்து ‘இந்த வார்த்தை வந்தால் இந்தக் குறி’ என்று பட்டியல் போட்டு மனப்பாடம் செய்ய வைக்காதீர்கள். ‘குறைந்தது’ என்பதைப் பார்த்ததும் குறைவுக் குறியைப் போடும் பிள்ளையிடம், 14 வாங்கி வந்தால் ஒத்துக்கொள்வாயா என்று கேளுங்கள், குறி தானாகத் திரும்பிவிடும். ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் இது பணமா, எண்ணிக்கையா என்று எழுதச் சொல்லுங்கள். இரண்டு பக்கமும் ஒரே வகையாக இல்லையென்றால் அந்த வரியை அடித்துவிட வேண்டியதுதான். எழுதி முடித்ததும் ஒரு சோடி எண்ணை, 10 பேனா 5 நோட்டு என்று வைத்துக்கொள்ளுங்கள், கணக்கின் வாக்கியங்களிலேயே போட்டுப் பார்க்க வேண்டும். தான் எழுதிய அசமன்பாட்டில் போட்டுப் பார்த்தால் தப்பும் சரியாகத்தான் தெரியும்.

எண்ணிக்கை பூச்சியத்துக்குக் கீழே போகாது, அதைச் சொல்லும் ப ≥ 0, ந ≥ 0 எழுதாததற்கு மதிப்பெண் குறைத்தால் என்னிடம் சண்டைக்கு வராதீர்கள்.

இன்னொன்று, இரண்டும் முழு எண்கள். அதிகபட்சம் எத்தனை நோட்டு வாங்கலாம் என்று கேட்டால் வரைபடத்தின் முனையில் 6.67 வரும். அதை 7 ஆக்குகிறவர்கள் ஏராளம், வழக்கமான முழுமையாக்கல் விதி அப்படிச் சொல்கிறது அல்லவா. 7 நோட்டுக்கு 14 பேனா வேண்டும், செலவு 630. பணம் பற்றாது, விடை 6 தான்.