17 பி மெமோவின் கடைசிப் பத்தியில் இருக்கும் கேள்வி

17 பி மெமோ என்பது, பெரிய தண்டனை தரக்கூடிய குற்றச்சாட்டைச் சொல்லித் தமிழ்நாடு அரசு ஊழியரிடம் விளக்கம் கேட்கும் குறிப்பாணை. அது கைக்கு வந்ததும் பெரும்பாலோர் முதலில் செய்வது, யாரைப் பார்த்துப் பேசினால் இது நிற்கும் என்று விசாரிப்பதுதான். அடுத்து, சக ஊழியர் ஒருவரின் பழைய பதிலை வாங்கி, பெயரையும் தேதியையும் மாற்றி, "கருணையுடன் பரிசீலிக்க வேண்டுகிறேன்" என்று முடித்துக் கொடுத்துவிடுவார்கள். மெமோவின் கடைசிப் பத்தியில் ஒரு கேள்வி இருக்கும். வாய்மொழி விசாரணை (சாட்சிகளை நேரில் வரவழைத்து நடத்துவது) வேண்டுமா, நேரில் மட்டும் கேட்கப்பட விரும்புகிறீர்களா, அல்லது இரண்டும் வேண்டுமா? பதிலில் பலர் தொடாமல் விடுவது இதைத்தான். வழக்கின் பாதித் தலைவிதி இங்கேதான் முடிவாகிறது.

தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்குப் பொருந்துவது 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகள். சார்நிலைக் காவலர்களுக்குத் தனி விதி உண்டு. விதி 17இன் ஏ பிரிவு சிறு தண்டனைகளுக்கானது. கண்டனம், பின்விளைவு இல்லாத (பிந்தைய ஊதிய உயர்வுகளைப் பாதிக்காத) ஊதிய உயர்வு நிறுத்தம், நட்டத்தைச் சம்பளத்தில் பிடிப்பது போன்றவை இதில் வரும். குற்றச்சாட்டைச் சொல்லி விளக்கம் கேட்டு, அந்த விளக்கத்தைப் பரிசீலித்தால் பொதுவாகப் போதும். பதவி இறக்கம், கட்டாய ஓய்வு, பணிநீக்கம், பணியறவு (பொதுவாக மறுபடி அரசு வேலைக்கு வர முடியாத நீக்கம்) ஆகியவற்றுக்கு 17 பி வேண்டும். ஊதிய உயர்வைப் பின்விளைவோடு நிறுத்துவதும் பெரிய தண்டனைதான். 17 ஏ மெமோ கொடுத்துவிட்டு அதைப் போட முடியாது. ஆசிரியர், அரசு ஊழியர் சங்கங்களின் கூட்டமைப்பான ஜாக்டோ-ஜியோ 2019 ஜனவரியில் நடத்திய போராட்டத்துக்குப் பிறகு '17 பி' என்ற சொல் ஆசிரியர் வீடுகளில் எல்லாம் புழங்கியது, அந்த எண் சுமந்துவரும் தண்டனைகளின் கனத்தால்தான்.

சரி, அந்தக் கேள்விக்கு வருவோம். ஊழியர் கேட்டால் வாய்மொழி விசாரணை நடத்தியே ஆக வேண்டும். அவர் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தாலும், அவர் ஒப்புக்கொள்ளாத, சாட்சிகளைக் கொண்டு மட்டுமே நிரூபிக்கக்கூடிய குற்றச்சாட்டு என்றால் விசாரணை நடந்தாக வேண்டும் என்று விதியே சொல்கிறது. எனவே குற்றச்சாட்டை மறுப்பவர் "வாய்மொழி விசாரணை வேண்டும்" என்று ஒற்றை வரியில் தெளிவாக எழுதிவிடுவதே நல்லது. கருணை கேட்கும் வரிகள் சில நேரம் ஒப்புதல் போலவே படிக்கப்படும். "தெரியாமல் நடந்துவிட்டது" என்று எழுதிவிட்டு, நடக்கவே இல்லை என்று அப்புறம் வாதாடுவது கடினம்.

பதில் எழுதும் முன்பே ஆவணங்களைக் கேட்க வேண்டும். குற்றச்சாட்டு எந்தக் கோப்பை, எந்தப் புகாரை, எந்தத் தணிக்கை அறிக்கையை வைத்து வரையப்பட்டதோ அதன் நகல், அல்லது பார்வையிட அனுமதி. கேட்டதைக் கடிதமாகக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான கையொப்பமும் வாங்கி வைக்க வேண்டும். வாயால் கேட்டதற்கு உயர் நீதிமன்றத்தில் சாட்சி கிடையாது.

விசாரணையில் நிரூபிக்கும் பொறுப்பு துறையுடையது. துறைச் சாட்சிகள் முதலில் வர வேண்டும், அவர்களைக் குறுக்கு விசாரணை செய்ய ஊழியருக்கு வாய்ப்பு தர வேண்டும். அதன் பிறகே அவர் தரப்பு. பல இடங்களில் நடப்பது வேறு: விசாரணை அலுவலர் முதல் நாளே ஊழியரை உட்காரவைத்துக் கேள்வி மேல் கேள்வி கேட்டு, அந்தப் பதில்களையே சாட்சியமாக்கி அறிக்கை எழுதிவிடுகிறார். விசாரணை அலுவலர் துறையின் பிரதிநிதி அல்ல, நடுநிலையில் நிற்க வேண்டியவர் என்று உத்தரப் பிரதேச அரசு ஊழியர் ஒருவரின் வழக்கில் 2010இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பஞ்சாப் நேஷனல் வங்கி ஊழியர் ஒருவரின் வழக்கில் 2008இல், ஆவணங்களைக் கோப்பில் வைத்துவிட்டால் மட்டும் அவை நிரூபணமாகிவிடாது, அவற்றைச் சாட்சி மூலம் மெய்ப்பிக்க வேண்டும் என்றது. துறை விசாரணையில் குற்றவியல் வழக்கு அளவுக்கு ஐயமற்ற நிரூபணம் தேவையில்லை என்பதும் உண்மை. ஆனால் ஏதாவது சாட்சியமாவது இருக்க வேண்டும், சந்தேகம் மட்டும் போதாது.

அடுத்தது விசாரணை அலுவலரின் அறிக்கை. 1976இன் 42ஆவது அரசியல் சட்டத் திருத்தம், தண்டனை பற்றி இரண்டாவது நோட்டீஸ் தர வேண்டிய கட்டாயத்தை நீக்கிவிட்டது. அதைச் சாக்காக வைத்து அறிக்கையையே காட்டாமல் தண்டித்து வந்தார்கள். 1993இல், பொதுத்துறை நிறுவனமான இசிஐஎல்லுக்கும் கருணாகருக்கும் இடையிலான வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, முடிவெடுக்கும் முன் அறிக்கை நகலைத் தந்து கருத்துக் கேட்க வேண்டும் என்று தீர்மானித்தது. நகல் தராததால் என்ன பாதிப்பு என்பதையும் ஊழியர் காட்ட வேண்டும் என்றது. விசாரணை அலுவலர் 'நிரூபணமாகவில்லை' என்று எழுதி, மேலதிகாரி அதை ஏற்காவிட்டால், ஏற்காத காரணங்களை முதலில் ஊழியருக்குச் சொல்லி அவர் பதிலைக் கேட்க வேண்டும். இது உச்ச நீதிமன்றத்தின் 1998 தீர்ப்பு.

பணியிடை நீக்கம் தண்டனை அல்ல, ஆனாலும் தண்டனையைவிடக் கொடுமையாக நீளக்கூடியது. இதற்கு விதி 17இன் இ பிரிவு. நாற்பத்தெட்டு மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் அது தானாகவே வரும். அந்தக் காலத்தில் பிழைப்பூதியம் (வாழ்க்கைச் செலவுக்கான குறைந்த தொகை) தர வேண்டும். அது கிடைக்காததால் ஊழியர் விசாரணைக்கு வர முடியாமல் போனால், அந்த விசாரணையே செல்லாமல் போகலாம். குற்றச்சாட்டு மெமோவை மூன்று மாதத்துக்குள் தராமல் பணியிடை நீக்கத்தை நீட்டக் கூடாது என்று 2015இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கெடு தாண்டியதும் அது தானாக விழுந்துவிடும் என்று எண்ண வேண்டாம், மனு கொடுத்துக் கேட்க வேண்டும்.

தாமதமும் ஒரு வாதம். தமிழ்நாடு வீட்டு வசதி வாரியப் பொறியாளர் ஒருவருக்குப் பத்தாண்டு கழித்துக் கொடுத்த மெமோவை, தாமதத்துக்கு ஏற்ற விளக்கம் இல்லை என்று 2005இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

விசாரணையே இல்லாமல் வேலையிலிருந்து நீக்கவும் அரசியல் சட்டப் பிரிவு 311 மூன்று சூழல்களில் வழிவிடுகிறது: குற்றவியல் வழக்கில் தண்டனை பெற்றிருந்தால், விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது என்று காரணம் எழுதி வைத்தால், நாட்டின் பாதுகாப்பு நலன் என்றால். இரண்டாவதை அதிகாரிகள் எளிதாக எடுத்துவிடுகிறார்கள் என்பது என் கருத்து. நியமன அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட ஒருவர் ஊழியரைப் பணிநீக்கமோ பணியறவோ செய்ய முடியாது என்பதும் இதே பிரிவில் உள்ளது. ஆணையில் கையெழுத்திட்டவர் யார் என்று முதலில் பார்ப்பது இதனால்தான்.

ஆணை வந்தால் இரண்டு மாதத்துக்குள் மேல்முறையீடு. அதற்குப் பிறகு உயர் நீதிமன்றம், சென்னையிலோ மதுரையிலோ ரிட் மனு. நீதிமன்றம் சாட்சியங்களை மறுபடி எடைபோடாது. நடைமுறை சரியா, சாட்சியம் எதாவது இருக்கிறதா, தண்டனை மனசாட்சியை உலுக்கும் அளவுக்கு மிகையானதா என்றுதான் பார்க்கும். நடைமுறைக் குறைக்காக ஆணை ரத்தானால், பெரும்பாலும் குறை நேர்ந்த கட்டத்திலிருந்து விசாரணை மறுபடி தொடங்கும்.