திரையில் ஒலிக்கும் குரலும் குழந்தையின் தொண்டையும்

எட்டு வயதுச் சிறுமி ஒருத்தியை அவளுடைய தாய் என்னிடம் அழைத்து வந்தபோது, அவள் வாய் திறந்தால் சொல்லைவிடக் காற்றே அதிகமாக வெளிவந்தது. சளியில்லை, காய்ச்சலில்லை, ஆறு வாரங்களாகவே குரல் கம்மியிருக்கிறது, காலையில் சற்றுத் தெளிந்து மாலையில் மீண்டும் கட்டிக்கொள்கிறது என்றார் தாய். ஓர் அனிமேஷன் படப் பாடலை மேடையில் பாடுவதற்காக அவள் தினமும் பயிற்சி செய்வதாகச் சொல்லி, கைப்பேசியில் பதிவு செய்திருந்ததைப் போட்டுக் காட்டினார். சுருதி விலகவில்லை, தாளமும் பிசகவில்லை. ஆனால் பல்லவி வரும்போதெல்லாம் கழுத்து நரம்புகள் புடைத்து, தாடை முன்னே துருத்தி நின்றதை அந்தச் சிறிய திரையிலேயே பார்க்க முடிந்தது.

அவள் பாடியது 2013-இல் வெளிவந்த ‘ஃப்ரோஸன்’ படத்தின் ‘லெட் இட் கோ’. படத்திற்குள் இடினா மென்செலும், இறுதியில் பெயர்கள் ஓடும்போது பாப் வடிவத்தில் டெமி லொவாட்டோவும் பாடியது. படத்தில் வரும் வடிவத்தின் சுருதி, அதன் உயரத்தைக் கட்டையால் அளக்கும் நம் கணக்கில் ஐந்தரைக் கட்டை. அதன் மிகத் தாழ்ந்த ஸ்வரம் ஏறத்தாழ 175 ஹெர்ட்ஸ், மிக உயர்ந்தது ஏறத்தாழ 622 ஹெர்ட்ஸ். அதாவது இரண்டு ஸ்தாயிக்குச் சற்றே குறைவான தூரம் (ஒரு ‘ஸ’விலிருந்து அடுத்த மேல் ‘ஸ’ வரை உள்ளது ஒரு ஸ்தாயி). அந்த உச்ச ஸ்வரத்தில் குரல் நாண்கள் நொடிக்கு அறுநூறு முறைக்கு மேல் அதிர்கின்றன. மேடை இசை நாடகங்களில் பல்லாண்டுகள் பாடித் தேர்ந்த ஒருவர் அதை எட்டுவது வேறு. பால்பல் முழுவதும் விழுந்திராத ஒரு குழந்தை அதே ஸ்வரத்தைக் கத்திப் பிடிப்பது வேறு.

ஒரே பாடலுக்கு இரண்டு வடிவங்கள் செய்வது இந்தப் படங்களில் பழைய வழக்கம். 1986-இல் வந்த ‘அன் அமெரிக்கன் டெயில்’ படத்தில், பிரிந்துபோன இரு எலிக் குஞ்சுகள் பாடும் பாடலைக் கதைக்குள் குழந்தைக் குரல்களே பாடின. படம் முடிந்தபின் அதே மெட்டை லிண்டா ரான்ஸ்டட், ஜேம்ஸ் இங்ரம் என்னும் இரு தேர்ந்த பாடகர்கள் பாடினார்கள். பாத்திரத்தின் வயதுக்கு ஒரு குரல், வானொலிக்கு ஒரு குரல் என்று தயாரிப்பாளர்களுக்கே அந்த வேறுபாடு தெரிந்திருக்கிறது. வீட்டில்தான் அது மறந்துபோகிறது.

பெற்றோரிடம் நான் முதலில் விளக்குவது மருத்துவத்தை அல்ல, ஒலிப்பதிவை. நாம் கேட்கும் பாடலை எந்தத் தொண்டையும் அப்படியே ஒரே மூச்சில் பாடியதாக எண்ண வேண்டியதில்லை. பாப் பாடல் பதிவில் பாடகர் ஒரு வரியைப் பல டேக்குகளாகப் பாடுவதும், இடையில் தண்ணீர் குடித்து ஓய்வெடுப்பதும், அவற்றில் நல்லவற்றைத் துண்டு துண்டாகத் தேர்ந்து ஒட்டுவதும் அன்றாட நடைமுறை. மூச்சிழுக்கும் ஓசையைக் குறைத்துவிடலாம். 1997-இல் வந்த ஆட்டோடியூன் போன்ற மென்பொருள்கள் விலகிய சுருதியை நேராக்கும். எல்லாவற்றையும்விட முக்கியமானது, பல்லவி ‘பெரிதாக’ ஒலிப்பதன் இரகசியம்: ஒரே குரலை இரண்டு மூன்று முறை பதிவு செய்து ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, பின்பாட்டுக் குரல்களைச் சேர்த்து, கம்ப்ரஷன் என்னும் முறையால் மெல்லொலிக்கும் வல்லொலிக்கும் உள்ள இடைவெளியைச் சுருக்கிவிடுகிறார்கள். குழந்தைக்கு இந்த அடுக்குகள் தெரியாது. காதில் விழும் அந்தப் பிரம்மாண்டத்தை ஒற்றைத் தொண்டையால் ஈடுகட்டப் பார்க்கிறது. அதற்குத் தெரிந்த ஒரே வழி கத்துவது.

அந்தத் தொண்டையின் அளவையும் பார்க்க வேண்டும். வளர்ந்த பெண்ணின் குரல் நாண்கள் ஏறத்தாழ 12 முதல் 17 மில்லிமீட்டர் நீளமுள்ளவை. குழந்தைக்கு அவை அதனினும் குட்டை. நீளத்தைவிட அமைப்பே எனக்குக் கவலை தருவது. பெரியவர்களின் நாண்களில் இழுவையைத் தாங்கும் தசைநார் அடுக்கொன்று உண்டு. பிறக்கும்போது அது உருவாகியிருப்பதில்லை, மெல்ல மெல்ல வளர்ந்து பருவ வயதை ஒட்டித்தான் முதிர்கிறது. மண்வெட்டி பிடித்துப் பழகாத உள்ளங்கை காய்த்துப்போவதைப் போல, ஓங்கி மோதும் நாண்களின் நடுப்பகுதியில் இருபுறமும் சிறு தடிப்புகள் தோன்றும். அவற்றை நாடியூல் என்கிறோம். நாண்கள் முழுவதுமாகப் பொருந்தி மூடாததால் இடையே காற்று கசிகிறது, குரல் கரகரக்கிறது. குழந்தைகளில் இது ஆண் பிள்ளைகளிடமே கூடுதலாகக் காணப்படுகிறது. விளையாட்டுக் கூச்சல் அதற்கு ஒரு காரணம். ஆகவே பழியைப் பாட்டின்மேல் மட்டும் போடுவது நியாயமாகாது.

பயிற்சி செய்யும் விதத்தில் இன்னொரு சிக்கல் இருக்கிறது. சுற்றிலும் இரைச்சல் கூடினால் மனிதர் தம்மையறியாமலே குரலை உயர்த்துவார்கள் என்பதை 1911-இல் எட்டியென் லொம்பார் என்னும் பிரெஞ்சு மருத்துவர் விளக்கினார். கரோக்கி என்னும் பாடகர் குரலில்லாத பின்னணி இசையை உரக்க வைத்தாலோ, இரு காதுகளையும் ஹெட்ஃபோனால் மூடினாலோ நடப்பது இதுவேதான். ஓசையைப் பாதியாகக் குறைத்து ஒரு காதைத் திறந்து வைத்ததும், வேறெதுவும் சொல்லாமலே குழந்தை தணிந்து பாடுவதைப் பலமுறை கண்டிருக்கிறேன். தன் குரலைத் தானே கேட்க முடிந்தால் அது பாதி சிகிச்சை.

சுருதியைக் குறைத்தால் போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. பாதி சரி. ஐந்தரைக் கட்டையிலிருந்து மூன்று கட்டைக்கு இறக்கினால் உச்ச ஸ்வரம் குழந்தைக்கு எட்டும் இடத்திற்கு வருகிறது. ஆனால் ஏற்கெனவே தாழ்ந்திருந்த முதல் வரிகள் பாதாளத்திற்குப் போய்விடும், அங்கே குழந்தை தொண்டையை நெரித்து உறுமத் தொடங்கும். அதனால் சுருதியை இறக்கிய பின் அந்த வரிகளை மட்டும் ஒரு ஸ்தாயி மேலே தூக்கிப் பாடச் சொல்கிறேன். பள்ளி வயதுக் குழந்தைக்கு நடு ஸட்ஜத்தை ஒட்டிய ஒரு ஸ்தாயியே வசதியான வெளி என்பதால், பாட்டு முழுவதும் அதற்குள் அடங்கும்படி மெட்டை மடித்துக்கொள்வதில் தவறில்லை. இசையாசிரியர்கள் சிலர் இதை ஏற்பதில்லை. மூலத்தைச் சிதைக்கிறோம் என்பார்கள். மூலம் ஒரு பெரியவருக்காக இயற்றப்பட்டது என்பதே என் பதில்.

வீட்டில் செய்து பார்க்கக்கூடிய சோதனை ஒன்று உண்டு. பிறந்தநாள் வாழ்த்துப் பாடலின் முதல் வரியைக் குழந்தையை மிக மென்மையாக, உயர்ந்த சுருதியில் பாடச் சொல்லுங்கள். உரத்துப் பாடும்போது ஒளிந்துகொள்ளும் வீக்கம் மென்மையில் வெளிப்பட்டுவிடும்: ஓசைக்கு முன் காற்று வரும், எழுத்துகள் விட்டுவிட்டு ஒலிக்கும். இது நோயறிதல் ஆகாது. கவனிக்க வேண்டிய அடையாளம் மட்டுமே. கரகரப்பு நான்கு வாரங்களைத் தாண்டினால் காது மூக்கு தொண்டை மருத்துவர் நாண்களை நேரடியாகப் பார்க்க வேண்டும், ஏனெனில் வைரஸால் வரும் மருக்கள் போன்ற வேறு காரணங்களும் இதே கரகரப்பைத் தரும். மூச்சு விடும்போது சத்தமோ திணறலோ இருந்தால் நான்கு வாரமெல்லாம் காத்திருக்கக் கூடாது. இடையில் கிசுகிசுத்துப் பேசச் சொல்லாதீர்கள். பலருக்கு அது தொண்டையை இன்னும் இறுக்குகிறது. நாடியூல் என்று உறுதியானாலும் குழந்தைகளுக்கு அறுவை அரிதாகவே தேவைப்படுகிறது. குரல் பயிற்சியே முதல் வழி.

அந்தச் சிறுமிக்கு இருந்தது நாடியூல்தான். சில மாதப் பயிற்சிக்குப் பிறகு ஒரு நாள், மூன்று கட்டையில், ஹெட்ஃபோன் இல்லாமல் எனக்குப் பாடிக் காட்டினாள். கழுத்து நரம்பு அமைதியாக இருந்தது. பாடி முடித்ததும், “படத்துல வர மாதிரி இல்லையே” என்று உதட்டைப் பிதுக்கினாள். இல்லைதான் என்று ஒப்புக்கொண்டேன்.