பியானோவின் இரண்டு கட்டைகளுக்கு நடுவே ஒரு சுரம்

1964இல் துருக்கியில் ஓர் இசைத்தட்டு வெளியானது. பாடியவர் துலாய் கெர்மன். அதுவரை ஜாஸ் பாடகியாக அறியப்பட்டவர். அந்தத் தட்டில் அவர் பாடியதோ அனடோலியாவின் பழைய நாட்டுப்பாடல்: பயறு அறுவடைக்கு அனுப்பப்பட்ட புதுமணப்பெண், வயல் வேலையை நொந்துகொண்டு பாடுவது. பின்னணியில் மேற்கத்திய வாத்தியங்கள். பிற்பாடு 'அனடோலிய பாப்' என்று பெயர் பெற்ற இசைக்கு அந்தத் தட்டைத்தான் முன்னோடியாகச் சொல்கிறார்கள்.

கிராமத்துப் பாட்டுக்குப் பின்னால் ஒரு பியானோவைப் போட்டால் கலவை தயார் என்று தோன்றும். இயற்பியல் அவ்வளவு சுலபத்தில் விடாது.

பியானோவில் ஒரு ஸ்தாயி 12 சம பங்குகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. ஒவ்வொரு பங்கும் 100 சென்ட் (சுர இடைவெளியை அளக்கும் அலகு). துருக்கிய நாட்டுப்பாடலின் முதுகெலும்பான பாலாமா என்ற நீண்ட கழுத்து வாத்தியத்தில் ஒரு ஸ்தாயிக்கு வழக்கமாக 17 மெட்டுகள். அவை சம தூரத்தில் இருக்காது. வீணை மெட்டு போல மெழுகில் பதித்தவையும் அல்ல, கழுத்தைச் சுற்றிக் கட்டிய இழைகள். வேண்டுமானால் நகர்த்திக்கொள்ளலாம். கணக்கு சொல்லும் துருக்கிய இசை அறிஞர்கள் ஸ்தாயியை 53 'கோமா'வாகப் பிரிப்பார்கள். ஒரு முழுச்சுரம் 9 கோமா.

நமக்கு ஸ ரி க ம ப த நி என்றால் அவர்களுக்கு தோ ரே மி ஃபா சொல் லா சி. 'லா'வை ஆதார சுரமாகக் கொண்ட ஏராளமான நாட்டுப்பாடல்களில், அடுத்த சுரமான 'சி'யை 2 கோமா இறக்கிப் பாடுகிறார்கள். லாவிலிருந்து சி ஒரு முழுச்சுரம், அதாவது 9 கோமா. இரண்டு போக 7 கோமா, சுமார் 158 சென்ட். பியானோவில் 100 இருக்கிறது, 200 இருக்கிறது, 158 இல்லை. ஊருக்கு ஊர், ஆளுக்கு ஆள் இந்தச் சுரம் கொஞ்சம் ஏறி இறங்கும். ஆனால் எங்கே போனாலும் பியானோவின் கட்டை மேல் வந்து உட்காராது.

லா 440 ஹெர்ட்ஸ் என்றால் பியானோவின் சி 494, பாடகியின் சி 482. இரண்டும் ஒன்றாக ஒலித்தால் பள்ளியில் படித்த விம்மல்கள் எழும்: விநாடிக்கு 12. மேற்சுரங்களில் அது 24, 36 என்று பெருகும். விநாடிக்கு ஒன்றிரண்டு விம்மல் காதுக்கு இதமாகக்கூட இருக்கும். இதுவோ நடுக்கம். பாடகி சுருதி தப்பிவிட்டார் என்றுதான் கேட்பவர் நினைப்பார், தப்பு அவருடையது இல்லை என்றாலும்.

சரி, என்ன செய்வது? பாடகியைப் பியானோவுக்கு இழுக்கலாம். பாட்டின் உயிர் அங்கேயே போய்விடும். இன்னொரு வழி, பியானோவை அந்தச் சுரத்தின் பக்கமே போகவிடாமல் செய்வது. மேற்கத்திய வழக்கப்படி சி வரும் இடத்தில் சொல்-சி-ரே மாதிரி ஒரு கார்டு (chord, ஒன்றாக ஒலிக்கும் சுரக்கூட்டு) போடுவார்கள். அதற்குள்ளேயே சி இருக்கிறது, மாட்டிக்கொண்டோம். அதற்குப் பதில் நான்கு நான்கு சுரம் தள்ளி அடுக்கினால் லா-ரே-சொல் கிடைக்கும். அதில் சி இல்லை. பாடகி தன் 158ஐ எங்கே வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். வேடிக்கை என்னவென்றால், லா-ரே-சொல் என்பது பாலாமாவின் மூன்று தந்தி வரிசைகளுக்குச் சுருதி கூட்டும் முறைகளில் ஒன்று. கெமால் இலெரிஜி என்ற துருக்கிய இசையமைப்பாளர் இப்படி நான்காம் சுர அடுக்கை வைத்தே ஒரு முழு ஹார்மனி முறையை, அதாவது சுரங்களைச் சேர்த்து ஒலிக்கும் முறையை, உருவாக்கினார்.

ஜாஸ் இங்கே எளிதாக ஒட்டிக்கொள்வதற்கும் இதுதான் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. 1960 வாக்கில் ஜாஸ் பியானோக்காரர்களும் தங்கள் வழியே அதே நான்காம் சுர அடுக்குக்கு வந்து சேர்ந்திருந்தார்கள். கார்டுகளை மாற்றிக்கொண்டே ஓடாமல் ஒன்றிலேயே வெகுநேரம் நிற்கவும் பழகியிருந்தார்கள். தாளம் பெரிய தடையே இல்லை: 2+2+2+3 என்று நொண்டி நடக்கும் ஒன்பது எண்ணிக்கைத் தாளத்தை அமெரிக்க ஜாஸ் பியானோக்காரர் டேவ் புரூபெக் இஸ்தான்புல் தெருவில் கேட்டுவிட்டு 1959லேயே ஜாஸுக்குக் கொண்டுபோய்விட்டார்.

மேற்கத்திய செவ்வியல் பக்கம் இருந்து நாட்டுப்பாடலுக்கு வந்தவர் ரூஹி சு என்ற துருக்கியப் பாடகர். அங்காரா ஆப்பராவில் பாடிய கனத்த குரல். 1952இல் அரசியல் காரணமாகக் கைதாகி ஐந்து ஆண்டு சிறையில் இருந்தார். ஆப்பரா வாழ்க்கை அதோடு முடிந்தது. ஆப்பரா பயிற்சி பெற்ற குரலில் விநாடிக்கு ஐந்தாறு அசைவு இருக்கும், ஒவ்வொன்றும் அரைச்சுரத்தை, அதாவது 100 சென்டை, நெருங்கும். நாம் பேசும் நுட்பமோ, பியானோவின் 200க்கும் பாடகியின் 158க்கும் உள்ள வெறும் 42 சென்ட். காது சராசரியைப் பிடித்துக்கொள்ளும் என்றாலும் சுரத்தின் கூர்மை மங்கத்தான் செய்யும். கிராமத்துக் குரல் இல்லையே என்று அவரைக் குறை சொன்னவர்கள் உண்டு. எனக்கு அது குறையாகப் படவில்லை. செவ்வியல் இசையிலிருந்து அவர் குரலை மட்டும் எடுத்துக்கொண்டு, பெரும்பாலும் பாலாமாவோடு தனியாகப் பாடினார். மோதுவதற்கு அங்கே பியானோவே இல்லை.

துலாய் கெர்மன் 1966இல் பிரான்சுக்குப் போய்விட்டார். அங்கே 1980களின் தொடக்கத்தில் அவரோடு சேர்ந்து இசைத்தட்டு செய்தவர் ஃபிரான்சுவா ரப்பாத், அலெப்போவில் பிறந்த டபுள் பேஸ் கலைஞர். அந்த வாத்தியத்தில் மெட்டே கிடையாது. லா தந்தி சுமார் 105 செ.மீ. நீளம். பியானோவின் சி வேண்டுமென்றால் கழுத்தின் முனையிலிருந்து 11.5 செ.மீ. தள்ளி விரலை வைக்க வேண்டும். வயலில் நின்று அலுத்துக்கொள்ளும் பெண்ணின் சி வேண்டுமென்றால், விரலை இரண்டேகால் செ.மீ. பின்னால் இழுத்தால் போதும்.