நகக்கண் பின்வாங்கும்

நாய்க்கு நகம் வெட்டும்போது ஒருமுறை ரத்தம் வந்துவிட்டால் போதும், அடுத்த தடவை நகவெட்டியைப் பார்த்ததுமே அது கட்டிலுக்கு அடியில் புகுந்துகொள்ளும். நாமும் பயந்து நாளைத் தள்ளுவோம். தள்ளத் தள்ள வேலை இன்னும் கடினமாகும். காரணம் நகத்துக்குள்ளேயே இருக்கிறது.

விரலின் கடைசி எலும்பைச் சுற்றி உறைபோல வளரும் கெரட்டின்தான் நாயின் நகம். உறைக்குள் ரத்தக் குழாய்களும் நரம்புகளும் நிறைந்த உயிருள்ள சதை. அதுதான் நகக்கண். நகம் நீண்டால் அதுவும் கூடவே நீளும். மாதக்கணக்கில் விட்டுவிட்ட நகத்தை ஒரே நாளில் குட்டையாக்க முயன்றால் ரத்தம் வருவது இதனால்தான். ஆனால் வாரம் ஒருமுறை நுனியை மட்டும் கொஞ்சமாக எடுத்துவந்தால், நகக்கண் மெல்ல மெல்லப் பின்வாங்கும். நீண்டு வளர்ந்த நகத்தையும் பெரும்பாலும் வலியில்லாமல் பழைய அளவுக்குக் கொண்டுவரலாம் என்பது எனக்குப் பெரிய ஆறுதல்.

வெள்ளை நகத்தில் நகக்கண் இளஞ்சிவப்பாக வெளியே தெரியும். அதற்கு 2 மில்லிமீட்டர் முன்பே நிறுத்திவிடலாம். கறுப்பு நகத்தில் எதுவும் தெரியாது. மெல்லிய வில்லைகளாகச் சீவிச் சீவி, ஒவ்வொரு முறையும் வெட்டிய முகத்தைப் பாருங்கள். முதலில் சுண்ணாம்புபோல் வெளிறி, உலர்ந்திருக்கும். நடுவில் ஈரப்பசையோடு கருமையான ஒரு புள்ளி தோன்றினால் அங்கேயே நிறுத்துங்கள். அதற்கு அடுத்த வில்லை நகக்கண்ணாக இருக்கலாம்.

நாம் பயன்படுத்தும் நகவெட்டி இதற்கு ஆகாது. அது தட்டையான நகத்துக்கானது. நாயின் உருண்டையான நகத்தை நசுக்கிப் பிளந்துவிடும். மழுங்கிய கத்தியும் அப்படித்தான். நகக்கண்ணைத் தொடாவிட்டாலும் அந்த அழுத்தமே வலிக்கும். சுழலும் அரத்தைப் பயன்படுத்தினால் உராய்வில் நகம் சூடேறும். சில நொடிகளுக்கு ஒருமுறை எடுத்துவிட வேண்டும்.

நாய் விரல்களை ஊன்றி நடக்கும் விலங்கு. சும்மா நிற்கும்போதே நகம் தரையை முட்டினால், ஒவ்வொரு அடியிலும் விரல் மேல்நோக்கித் தள்ளப்படும். நாய் நிற்கும் வாகே மாறிப்போகும். தரையில் டக் டக் என்று கேட்டால் கவனியுங்கள். சத்தமே போடாத நகம் ஒன்றும் உண்டு. முன்னங்காலின் உள்பக்கம் சற்று மேலே, நம் கட்டைவிரல்போல இருக்கும் நகம். தரையில் படாததால் அது தேயாது. மறந்துவிட்டால் வளைந்து சதைக்குள்ளேயே குத்தி இறங்கிவிடும். நீண்ட ரோமமுள்ள நாய்க்குத் தடவித்தான் பார்க்க வேண்டும்.

தப்பித்தவறி ரத்தம் வந்துவிட்டால், சுத்தமான துணியால் சில நிமிடம் விடாமல் அழுத்துங்கள். ரத்தம் நிறுத்தும் பொடியோ, அது இல்லாவிட்டால் சமையலுக்கு வாங்கும் கார்ன்ஃப்ளாரோ (மக்காச்சோள மாவு) வைத்து அழுத்தினால் சீக்கிரம் உறையும். இடையில் எடுத்துப் பார்த்தால் உறைந்தது பிய்ந்துவிடும். 20 நிமிடமாகியும் நிற்காவிட்டால் கால்நடை மருத்துவரிடம் போய்விடுங்கள்.

பயந்த நாயை அமுக்கிப் பிடித்து வெட்டாதீர்கள், அந்தப் பயம் அப்படியே மனதில் தங்கிவிடும். சில நாள் பாதத்தைத் தொட்டுப் பழக்குங்கள். பிறகு நகவெட்டியை முகரக் கொடுத்து, அதற்குப் பிடித்த தின்பண்டம் கொடுங்கள். பெரும்பாலான நாய்களுக்கு மொத்தம் 18 நகங்கள்தான். நாளுக்கு மூன்று என்றால் 6 நாளில் ஒரு சுற்று முடிந்துவிடும். ஏழாவது நாள் நாய்க்கும் உங்களுக்கும் ஓய்வு.